லேர்டால்சோய்ரியில் மூன்று நாள்: ஏற்காட்டு டிரைவருக்கு யாராவது வழி சொல்லுங்கள்

அடிவாரம்62

எல்லாருக்கும் வணக்கம். இவ்வளவு நாள் படித்துக்கொண்டு மட்டும் இருந்தேன், இன்றுதான் முதல்முறை எழுதுகிறேன். ஊர் சேலம், கோரிமேட்டுப் பக்கம். 22 வருடம் ஏற்காடு மலைப்பாதையில் பஸ் ஓட்டிவிட்டு இப்போது ஓய்வில் இருக்கிறேன். பையன் நார்வேயில் பெர்கன் நகரத்தில் வேலை பார்க்கிறான். ஜூன் கடைசியில் நானும் வீட்டுக்காரியும் 12 நாள் அவனிடம் போகிறோம், அதில் அவனுக்கு ஐந்து நாள்தான் லீவு.

அவன் போட்டு அனுப்பிய பட்டியலைப் பார்த்தால் காலை ஆறு மணிக்கு ஒரு கப்பல், பத்து மணிக்கு ஒரு ரயில், மூன்று மணிக்கு ஒரு மலை என்று பந்தயம் மாதிரி இருக்கிறது. வீட்டுக்காரி ஒரே வார்த்தையில் சொல்லிவிட்டாள்: "ஆத்தோரமா ஒரு சின்ன ஊர்ல மூணு நாள் உட்காரணும், அவ்வளவுதான்." பையனோடு வேலை செய்கிற ஒருவர் லேர்டால்சோய்ரி என்று ஓர் ஊரைச் சொன்னாராம். ஆறு கடலில் கலக்கும் இடம், பழைய மர வீடுகள், கூட்டம் கிடையாது என்றாராம். படத்தில் பார்த்தால் நன்றாகத்தான் இருக்கிறது. மூன்று நாள் உட்காரும் அளவுக்கு அங்கே ஏதாவது இருக்கிறதா, இல்லை முதல் நாள் மதியமே "அப்புறம்?" என்று ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டிருப்போமா?

இன்னொரு கவலை. அந்த ஊருக்குப் போக 24 கிலோமீட்டர் சுரங்கப்பாதை இருக்கிறதாம். வீட்டுக்காரிக்கு மூடிய இடம் ஆகவே ஆகாது. நாலு மாடி என்றாலும் லிஃப்டில் ஏற மாட்டாள், படிதான். அதைத் தவிர்த்துப் போக முடியுமா? அவள் சுத்த சைவம், நான் மீன் சாப்பிடுவேன். பெர்கனில் குடையை மடக்கவே முடியாது என்கிறார்களே, இங்கேயும் அப்படித்தானா?

தட்டுவடைசெட்

அண்ணா, ஆற்றோரம் உட்காரத்தான் இவ்வளவு செலவா? திருமணிமுத்தாறு வீட்டுப் பக்கத்திலேயே இருக்கிறதே, மூக்கை மட்டும் பொத்திக்கொள்ள வேண்டும்.

அடிவாரம்62

சிரிக்காதே கண்ணு. சின்ன வயதில் அதில் குளித்தவன் நான். சேர்வராயன் மலையிலிருந்து இறங்குகிற தண்ணீர், நாங்கள் துண்டை வைத்து மீன் பிடிப்போம். என் பேரனிடம் சொன்னால் தாத்தா கதை விடுகிறார் என்கிறான்.

பெர்கன்_அம்மாபேட்டை

ஐயா, நான் அம்மாபேட்டை. ஆறு வருடமாகப் பெர்கனில் இருக்கிறேன். லேர்டாலுக்கு நாலு முறை போயிருக்கிறேன், அதில் இரண்டு முறை வேலை எதுவுமே இல்லாமல் சும்மா போனது. அதனால் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன்.

முதலில் மழை. பெர்கனைப் பற்றிக் கேள்விப்பட்டது உண்மை, வருடத்துக்கு 2,000 மில்லிமீட்டருக்கு மேல் கொட்டும். ஆனால் லேர்டால் நாலு பக்கமும் மலை மறைத்த பள்ளத்தாக்கு. கடலிலிருந்து வருகிற மேகம் எல்லாம் மேற்கிலேயே கொட்டிவிட்டு வெறுங்கையோடுதான் இங்கே வரும். வருடத்துக்கு 500 மில்லிமீட்டர் அளவுதான், அதாவது நம் சேலத்தில் பெய்வதில் ஏறக்குறைய பாதி. அந்தக் காலத்திலேயே விவசாயிகள் மலை ஓடையிலிருந்து வாய்க்கால் வெட்டித்தான் வயலுக்குத் தண்ணீர் கொண்டுவந்திருக்கிறார்கள். இப்போதும் ஜூனில் போனால் உருளைக்கிழங்கு வயலில் தண்ணீர் சுற்றிச் சுற்றித் தெளித்துக்கொண்டிருக்கும். நார்வேயில் போய்ப் பாசனமா என்று முதல்முறை பார்த்தபோது எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. ஒரு ஸ்வெட்டர், ஒரு மழைக்கோட்டு போதும். ஏற்காட்டில் டிசம்பர் ராத்திரிக்கு எடுத்துப்போவதை எடுத்துவாருங்கள்.

ஊர்ப் பெயரில் இருக்கிற 'ஓய்ரி' என்றால் ஆறு கொண்டுவந்து போட்ட மணல், கூழாங்கல் திட்டு. ஊரே அந்தத் திட்டின் மேல்தான் உட்கார்ந்திருக்கிறது. ஆற்றின் பெயர் லேர்டால்செல்வி (நம் ஊர்ப் பெண் பெயர் மாதிரி இருக்கிறது, அம்மாவுக்குப் பிடிக்கும்). அது வந்து விழுவது சோங்னெஃபியூர் என்கிற கடல்கழியில். அந்தக் கழி 200 கிலோமீட்டருக்கு மேல் நிலத்துக்குள் நீண்டு போகிறது, ஆழம் சில இடத்தில் 1,300 மீட்டர். ஏற்காட்டு ஏரியிலிருந்து அடிவாரம் வரைக்கும் எவ்வளவு இறக்கமோ அதைவிடவும் கூடுதல் ஆழம் தண்ணீர் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

பழைய தெருவில் 18, 19-ஆம் நூற்றாண்டு மர வீடுகள் 160-க்கு மேல் பாதுகாத்து வைத்திருக்கிறார்கள். வெள்ளை, மஞ்சள், காவி என்று பூசிய சின்னச் சின்ன வீடுகள், எல்லாம் தெருவை ஒட்டியே. அது அந்தக் காலத்துச் சந்தை ஊர். மலைக்கு அந்தப் பக்கத்து விவசாயிகள் தோலும் வெண்ணெயும் சுமந்து வருவார்கள், கடல் பக்கத்தார் படகில் உப்பும் மீனும் கொண்டுவருவார்கள், இரண்டும் கைமாறுகிற இடம் இது. நம் செவ்வாய்ப்பேட்டை மாதிரி என்று நான் அம்மாவுக்குப் போனில் சொல்லிப் புரியவைத்தேன். ஒரே வித்தியாசம், இங்கே தெருவில் நடக்க இடம் இருக்கும்.

மூன்று நாள் என்ன செய்வது என்று கேட்டீர்கள். ஆற்றோரம் நடக்கப் பாதை இருக்கிறது. தண்ணீர் பச்சைக் கண்ணாடி மாதிரி, அடியில் கல்லை எண்ணலாம். ஆற்றங்கரையிலேயே காட்டு சால்மன் மீனுக்கென்று ஒரு காட்சி நிலையம் இருக்கிறது, கண்ணாடி வழியாக உயிருள்ள மீனையே பார்க்கலாம். திறக்கிற நேரத்தை மட்டும் முன்கூட்டிக் கேட்டுக்கொள்ளுங்கள். ஒரு நாள் 30 கிலோமீட்டர் தள்ளி போர்குண்ட் மரக்கோயில். மற்ற நேரம் பெஞ்சில் உட்காருங்கள், அதற்குத்தானே அம்மா கேட்டார். ராத்திரி 11 மணிவரை வெளிச்சம் இருக்கும். தூக்கம் வராது, அதனால் கண்ணை மூடிக் கட்ட ஒரு துணி எடுத்துவாருங்கள்.

சாப்பாடு. ஹோட்டலை நம்பாதீர்கள். சமையலறை உள்ள மரக்குடில் எடுங்கள், 'ஹிட்டே' என்பார்கள். சின்ன ரைஸ் குக்கர், ரசப்பொடி, பருப்புப்பொடி, ஊறுகாய், தட்டுவடை எல்லாம் கொண்டுவரலாம். நெய், பால்கோவா, மற்ற பால் பொருள், இறைச்சி வேண்டாம். ஐரோப்பாவுக்கு வெளியிலிருந்து அதைக் கொண்டுவரக் கூடாது, பிடுங்கிவிடுவார்கள். ஞாயிற்றுக்கிழமை பெரிய கடைகள் பூட்டியிருக்கும், சனிக்கிழமையே பாலும் தயிரும் வாங்கி வைத்துவிடுங்கள். அந்த ஊர் உருளைக்கிழங்கை மட்டும் விடாதீர்கள், வேகவைத்து உப்பு, மிளகு போட்டாலே போதும்.

சுரங்கத்தான்

சுரங்கத்தைப் பற்றி யாரும் சொல்லவில்லையே. நான் சிவில் இன்ஜினியர், வேலையே மலையைக் குடைவது, அதனால் ஆசையோடு எழுதுகிறேன்.

லேர்டால் சுரங்கம் 24.5 கிலோமீட்டர். 1995-இல் தொடங்கி 2000 நவம்பரில் திறந்தார்கள். சாலைச் சுரங்கங்களில் உலகிலேயே மிக நீளமானது என்று அன்றிலிருந்து பெயர். ஆஸ்லோவுக்கும் பெர்கனுக்கும் இடையே பனிக்காலத்திலும் படகு ஏறாமல் போக ஒரு வழி வேண்டும், மேலே இருக்கிற மலைச்சாலை பனியில் மூடிவிடும் என்பதற்காகத்தான் இதைக் குடைந்தார்கள். சுங்கம் கிடையாது, 20 நிமிடத்தில் தாண்டிவிடலாம்.

அண்ணா, நீங்கள் டிரைவர் என்பதால் இதைக் கேளுங்கள். அவ்வளவு நேரம் ஒரே மாதிரி சுவரைப் பார்த்து ஓட்டினால் தூக்கம் வரும், சிலருக்குப் பயமும் வரும். அதற்காக ஆறு கிலோமீட்டருக்கு ஒன்று என்று மூன்று இடத்தில் பெரிய குகை மாதிரி அகலப்படுத்தி, மேலே நீல விளக்கும் ஓரத்தில் மஞ்சள் விளக்கும் வைத்திருக்கிறார்கள், விடியற்காலையில் வெளியே வந்துவிட்ட மாதிரி இருக்கும். 250 மீட்டருக்கு ஒரு அவசரத் தொலைபேசி. தீயணைப்பான் ஒன்றைக் கொக்கியிலிருந்து எடுத்தாலே கட்டுப்பாட்டு அறைக்குத் தகவல் போய்விடும். பஸ்ஸே திரும்புகிற அளவுக்கு இடம் 15 இடத்தில் உண்டு. காற்றுக்கு, பக்கத்துப் பள்ளத்தாக்குக்குத் தனியாக ஒரு சுரங்கம், உள்ளேயே தூசியும் நச்சுவாயுவும் வடிகட்டுகிற நிலையம். எங்கள் ஊரில் சுரங்கத்துக்குள் லைட் எரிந்தாலே பெரிய விஷயம் என்று நினைத்துக்கொள்வேன்.

ஆனால் அக்காவுக்கு ஆகாது என்றால் ஆகாதுதான், அதில் வாதம் இல்லை. பயத்துக்கு மீட்டர் கணக்கு தெரியாது. கவனிக்க வேண்டியது வேறு: அந்த ஒரு சுரங்கத்தைத் தவிர்த்தால் போதாது. பெர்கனிலிருந்து வோஸ் வரைக்கும் வரிசையாகச் சுரங்கம், அப்புறம் குட்வாங்கன் சுரங்கம் மட்டும் 11 கிலோமீட்டருக்கு மேல், அதைத் தாண்டியதும் ஐந்து கிலோமீட்டர் நீளத்தில் இன்னொன்று. ரயிலில் போகலாம் என்றால் ஃப்ளாம் ரயில் 20 கிலோமீட்டரில் 20 சுரங்கத்துக்குள் நுழைந்து வரும்.

பெர்கன்_அம்மாபேட்டை

அட, நான் அதை மறந்தே போனேன். சரி, இதற்கு ஒரு வழி இருக்கிறது. கோடையில் பெர்கனிலிருந்து ஃப்ளாமுக்கு விரைவுப் படகு உண்டு, ஐந்தரை மணி நேரம், முதலில் கடலோரமாக வடக்கே போய், அப்புறம் சோங்னெஃபியூருக்குள் நுழையும். பையன் காரை எடுத்துக்கொண்டு சாலையில் வரட்டும், நீங்கள் இருவரும் படகில் வாருங்கள். ஃப்ளாமிலிருந்து ஆர்லாண்டுக்கு நடுவே சின்னதாக ஒரு சுரங்கம் இருக்கும், அதற்குக் கண்ணை மூடச் சொல்லிவிடுங்கள். ஆர்லாண்டிலிருந்து பழைய மலைச்சாலையில் ஏறினால் லேர்டாலில் இறங்கலாம். 47 கிலோமீட்டர், உச்சி 1,306 மீட்டர். பனிச்சாலை என்றே பெயர். ஜூன் கடைசியில் திறந்திருக்கும், மேலே ஓரத்தில் பனி இன்னும் கிடக்கும். ஏறும் வழியில் ஸ்டேகஸ்டைன் என்று ஒரு பார்வைமேடை, மலையிலிருந்து 30 மீட்டர் வெளியே நீட்டிக்கொண்டு நிற்கும், கீழே 650 மீட்டர் பள்ளம். நம் ஏற்காட்டு லேடீஸ் சீட்டை அந்தரத்தில் தொங்கவிட்ட மாதிரி. பல இடத்தில் ஒரு வண்டிதான் போகும், எதிரே கேரவன் வந்தால் பையன் திணறுவான், நீங்கள் பக்கத்தில் உட்கார்ந்து சொல்லிக்கொடுங்கள்.

கிளியூர்க்காரி

நான் ஏற்காட்டில் காபித் தோட்ட வீடு. போன வருடம் தங்கையோடு போனேன். கொஞ்சம் மாற்றிச் சொல்கிறேன், கோபிக்க வேண்டாம். மூன்று ராத்திரி அதிகம், இரண்டு போதும். மூன்றாம் நாள் எனக்கு அலுத்துவிட்டது. கடை இரண்டு, தெரு ஒன்று, ஒன்பது மணிக்கு ஊர் அடங்கிவிடும். ஏற்காட்டில் பிறந்தவளுக்கு மலையும் மூடுபனியும் புதுசில்லை என்பதாலும் இருக்கலாம்.

ஆனால் இரண்டு விஷயம் மனதில் நிற்கிறது. ஒன்று போர்குண்ட் கோயில். 1180-ஐ ஒட்டிக் கட்டியது, முழுக்க மரம், தார் பூசிப் பூசிக் கறுத்துப்போயிருக்கிறது, கூரை மேல் கூரை, முகட்டில் பறவைநாக (டிராகன்) முகங்கள். பக்கத்தில் நின்றால் தார் வாசனை மூக்கில் ஏறும். அங்கிருந்து விண்ட்ஹெல்லா என்கிற பழைய ராஜபாட்டையில் நடக்கலாம். 1790-களில் குதிரை வண்டிக்காகப் போட்டு, 1840-களில் திருத்திய சாலை, கல் அடுக்கிக் கட்டிய கொண்டை ஊசிகள். நம் 20 கொண்டை ஊசியை வருடக்கணக்கில் ஓட்டிய அண்ணா அதை அவசியம் பார்க்க வேண்டும். அவ்வளவு செங்குத்தான ஏற்றத்தில் குதிரையைத் திருப்பியவன் எவ்வளவு கெட்டிக்காரன் என்று உங்களுக்குத்தான் தெரியும்.

இரண்டாவது, தீ. 2014 ஜனவரி 18 ராத்திரி அங்கே ஒரு வீட்டில் தீப்பிடித்து, பலத்த காற்றில் வீடு வீடாகத் தாவி, சுமார் 40 கட்டிடம் போய்விட்டது. தொலைபேசி நிலையமும் எரிந்ததால் போன்கூட வேலை செய்யவில்லையாம். உயிர்ச்சேதம் இல்லை, அதுதான் அதிசயம். குளிர்காலத்தில் ஈரமாகத்தானே இருக்கும், எப்படி இவ்வளவு வேகம் என்று எனக்குச் சந்தேகம். பிறகுதான் புரிந்தது, கடுங்குளிர்க் காற்றில் ஈரப்பதம் கொஞ்சம்தான் இருக்கும், அதை வீட்டுக்குள் சூடாக்கினால் வறண்டுபோகும், அந்த வறட்சியில் மரச் சுவர் எல்லாம் சுள்ளி மாதிரி காய்ந்துவிடும். எங்கள் தோட்டத்தில் மார்ச் மாதம் சருகு கிடக்கிற கதைதான். பழைய தெருவில் பெரும்பகுதியைக் காப்பாற்றிவிட்டார்கள். அந்தத் தெருவில் நடக்கும்போது இது தெரிந்திருந்தால் ஒவ்வொரு வீட்டையும் வேறு மாதிரி பார்ப்பீர்கள்.

மேட்டூர்_கெண்டை

மீனைப் பற்றி நான் சொல்கிறேன், படித்ததே அதைத்தான். அம்மாபேட்டை நண்பர் பச்சைக் கண்ணாடி ஆறு என்றார், அந்த ஆறு ஒரு கட்டத்தில் மீன் இல்லாமல் போயிருக்க வேண்டியது.

19-ஆம் நூற்றாண்டிலேயே இங்கிலாந்துப் பிரபுக்கள் தூண்டிலோடு போய் இறங்கிய சால்மன் ஆறு அது. (அதே காலத்தில்தான் அவர்களின் இன்னொரு கூட்டம் ஏற்காட்டில் காபி நட்டுக்கொண்டிருந்தது, எங்கே குளிரடித்தாலும் போய்விடுவார்கள் போல.) 1996-இல் அந்த ஆற்றில் கைரோடாக்டைலஸ் சலாரிஸ் என்கிற ஒட்டுண்ணியைக் கண்டார்கள். நீளம் அரை மில்லிமீட்டர். பால்டிக் கடல் பக்கத்து மீனுக்கு அது பழகிப்போன ஒன்று, பெரிதாக ஒன்றும் செய்யாது. 1970-களில் மீன்குஞ்சு இறக்குமதியோடு நார்வேக்குள் வந்தபோது அங்கத்து சால்மனுக்கு எதிர்ப்புச் சக்தியே இல்லை. முட்டை போடாது, குட்டியே போடும், குட்டிக்குள் இன்னொரு குட்டி தயாராக இருக்கும், அப்படிப் பெருகும். மீன்குஞ்சுகள் கடலுக்குப் போகிற வயது வருமுன்பே செத்துவிடும்.

1997-இல் ரோட்டினோன் ஊற்றினார்கள். அது செடி வேரிலிருந்து எடுக்கிற விஷம், ஆற்றில் இருக்கிற மீன் அத்தனையும் போய்விடும், மீன் போனால் ஒட்டுண்ணியும் போகும் என்கிற கணக்கு. நம் மலைகளிலும் காயை இடித்து ஓடையில் கலந்து மீனை மயக்குவார்களே, அதே தத்துவம். இரக்கமில்லாத வழிதான், அப்படிச் செய்தும் ஒட்டுண்ணி திரும்ப வந்துவிட்டது. அடுத்து அலுமினியம். லேசாக அமிலமாக்கிய தண்ணீரில் மிகக் கொஞ்சம் கலந்தால் ஒட்டுண்ணி சாகும், மீன் பிழைக்கும். 2011, 2012-இல் ஆறு முழுக்க, ஓடை, குட்டை விடாமல் சொட்டுச் சொட்டாக விட்டார்கள். அப்புறம் ஐந்து வருடம் குஞ்சு குஞ்சாகப் பிடித்துப் பார்த்து, 2017-இல்தான் ஆறு சுத்தம் என்று அறிவித்தார்கள். 20 வருடத்துக்கு மேல் ஓர் ஆற்றை விடாமல் பிடித்துக்கொண்டிருந்தார்கள் என்பதுதான் எனக்குப் பெரிதாகப் படுகிறது. சுரங்கத்தைக்கூட அஞ்சு வருடத்தில் முடித்துவிட்டார்களே.

அண்ணா தூண்டில் போட நினைத்தால் இரண்டு சீட்டு வேண்டும், அரசுக் கட்டணம் ஒன்று, அந்த ஆற்றுப் பகுதிக்கான அனுமதி ஒன்று. வேறு ஆற்றில் நனைந்த தூண்டில், பூட்ஸ் எதையும் கிருமிநீக்கம் செய்யாமல் தண்ணீரில் வைக்கக் கூடாது. துண்டை வைத்துப் பிடிக்கிற வேலை அங்கே நடக்காது.

அடிவாரம்62

எல்லாருக்கும் நன்றி. வீட்டுக்காரிக்கு எல்லாவற்றையும் படித்துக் காட்டினேன். படகு சரி, மலைச்சாலை சரி என்றாள். மூன்று ராத்திரிதான், இரண்டெல்லாம் முடியாது என்றும் சொல்லச் சொன்னாள். கிளியூர் தங்கச்சி கோபிக்கக் கூடாது.

அடிவாரம்62 (ஐந்து வாரம் கழித்து)

போய்விட்டு வந்தோம். சொன்னபடி எழுதுகிறேன்.

பனிச்சாலையில் பையன் இரண்டு முறை திணறினான். மூன்றாம் முறை எதிரே ஒரு பெரிய கேரவன், ஏறுகிற வண்டி நாம், வழி நமக்குத்தான் என்று அவனை நிற்கச் சொன்னேன், அந்த ஆள் பின்னால் போய் ஒதுங்கிக் கையைத் தூக்கினார். மலைக்கு மலை அந்த மரியாதை ஒன்றுதான் போல.

விண்ட்ஹெல்லாவில் நடந்தேன். முட்டி வலி, பாதிதான். சரிவைத் தாங்குகிற அந்தக் கல் சுவரில் சிமெண்டு ஒரு பொட்டுக்கூட இல்லை, கல்லைக் கல்லே பிடித்துக்கொண்டு நிற்கிறது. வளைவில் நின்று, வண்டியை எங்கே ஒடிக்க வேண்டும் என்று கையாலேயே ஸ்டியரிங் சுற்றிப் பார்த்தேன், பையன் படம் எடுத்துவிட்டான்.

லேர்டாலில் வீட்டுக்காரி தினமும் காலையில் ஆற்றங்கரையில் ஒரே பெஞ்சில் உட்கார்ந்தாள். இரண்டாம் நாள் அந்தப் பக்கம் நடந்த ஒரு பாட்டியம்மா பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். இவளுக்கு நார்வே மொழி தெரியாது, அவருக்குத் தமிழ் தெரியாது, ஒரு மணி நேரம் பேசினார்கள். என்ன பேசினீர்கள் என்றால் "அவங்க வீடு அந்தத் தீயில தப்பிச்சுதாம்" என்கிறாள். எப்படிப் புரிந்தது என்று எனக்குத் தெரியவில்லை. பாட்டியம்மாவுக்குத் தட்டுவடை கொடுத்திருக்கிறாள், அவர் மறுநாள் உருளைக்கிழங்கு ஒரு பை கொண்டுவந்தார்.

திரும்பும்போது மேலே மூடுபனி, பையன் மலைச்சாலை வேண்டாம் என்றான். நான் ஒன்றும் சொல்லவில்லை. அவளே "சுரங்கத்துலயே போ" என்றாள். முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டாள், என் கையை விடவில்லை. முதல் நீலக் குகையில் எட்டிப் பார்த்து மறுபடி மூடிக்கொண்டாள். மூன்றாவதில் திறந்தவள் அப்புறம் மூடவில்லை. வெளியே வந்ததும் இனி ஒருக்காலும் இல்லை என்றாள். சேலம் வந்த பிறகும் அக்கம்பக்கத்தில் அதை மட்டும்தான் சொல்லிக்கொண்டிருக்கிறாள், லிஃப்டில் இன்னும் ஏறவில்லை.

போகிறவர்களுக்கு ஒன்று: தட்டுவடை நாலு பாக்கெட் கொண்டுபோனோம், பத்தவில்லை.